அட்டை வெட்டாத புத்தகம்

மாநிலச் சிறை, கான்சாஸ்
3 மார்ச் 1996

அன்புள்ள ஆர்லீன் அக்காவுக்கு,

இங்கே நான் சுகம். உன் இடது முழங்கால் எப்படி இருக்கிறது? படியில் பனி உறைந்திருந்தால் உப்பைத் தூவிவிட்டு இறங்கு. போன வருடம் மாதிரி சர்க்கஸ் காட்டாதே.

ரயில் கம்பெனிகள் ஒன்று சேர்ந்து இந்த நாட்டின் கடிகாரத்தையே திருத்திய கதையைச் சொல்லும் புத்தகம் வந்து சேர்ந்தது. எங்கள் வியாழக்கிழமை வாசிப்புக் கூட்டத்தில் எல்லோரும் வரிசை வைத்துப் படித்தோம். அதற்கு முன்னால் ஊருக்கு ஊர் மணி வேறாம். எனக்கு மேல் கட்டிலில் படுக்கும் பூன் சொன்னான்: "ஒருத்தனாவது எழுந்து, 'என் ஊரு மணியை மாத்த நீ யாருடா'ன்னு கேட்டிருப்பான் பாரு, அவன்தான் நம்ம ஆளு."

தபால் அறைக் காவலரின் கிண்டல் இன்னும் ஓயவில்லை. கெட்டி அட்டைக்குள் எதையாவது ஒளித்துவிடலாம் என்று அட்டைப் புத்தகத்தை இவர்கள் உள்ளே விடுவதில்லை அல்லவா. அதனால் நீ கத்தியால் அட்டையை வெட்டி அனுப்புவதைப் பார்த்துவிட்டு, "உங்க அக்கா கோழி மாதிரி உரிச்சு அனுப்புறாங்க, மாவுல பொரட்டிப் பொரிக்க வேண்டியதுதான் பாக்கி" என்கிறார்.

இனி விஷயத்துக்கு வருகிறேன். பரோல் குழு சம்மதித்துவிட்டது. நாலாவது முறையாகப் போய் நின்றேன், தலையாட்டிவிட்டார்கள். ஒரே ஒரு நிபந்தனை. வெளியே போய்த் தங்க ஒரு முகவரி வேண்டும். அதிகாரி ஒருவர் அந்த வீட்டுக்கு வந்து பார்த்து, அங்கே இருப்பவர்களிடம் பேசி, சரி என்று எழுத வேண்டும். அக்டோபர் முடிவதற்குள் அது நடக்காவிட்டால் உத்தரவு செல்லாது. மறுபடி கேட்க மூன்று வருடம் ஆகும்.

உன் முகவரியைக் கொடுத்திருக்கிறேன். எனக்குத் தெரிந்த முகவரியும் அது ஒன்றுதான். அவர் வந்தால் சரி என்று ஒரு வார்த்தை சொல், போதும்.

உடம்பைப் பார்த்துக்கொள்.

உன் தம்பி,
ராய்ஸ்


ஹேடன் க்ரீக், கான்சாஸ்
24 மார்ச் 1996

அன்புத் தம்பி ராய்ஸுக்கு,

நடமாட்டத்தோடு இருக்கிறேன். முழங்கால் அதன் இஷ்டப்படி இருக்கிறது. உனக்கு அந்த வறட்டு இருமல் நின்றதா? வெந்நீர் கிடைத்தால் குடி.

குழுவின் செய்தியைப் படித்தேன். நல்ல செய்தி.

பழைய சாமான் வியாபாரம் நன்றாக நடக்கிறது, அதாவது ஜனங்கள் செத்துக்கொண்டிருக்கிறார்கள். பிள்ளைகள் டென்வரிலிருந்தும் டல்லஸிலிருந்தும் விமானத்தில் வந்து இறங்கி, அம்மா ஐம்பது வருடம் சேர்த்ததை இரண்டே நாளில் காலி செய்ய வேண்டும் என்று நிற்கிறார்கள். அவர்கள் எவ்வளவு வேகமாகப் பேசுகிறார்களோ அவ்வளவு மெதுவாக நான் பேசுவேன். என் தொழில் மொத்தமும் அதுதான். மற்றதெல்லாம் லாரியும் முதுகுவலியும்.

போன சனிக்கிழமை வடக்கே ஒரு கோதுமைப் பண்ணையில் ஏலம். எனக்கு வேண்டியது ஒரு தையல் மெஷின். ஏலக்காரன் மெர்ல் அதோடு நாலு பெட்டி புத்தகத்தைச் சேர்த்துக் கட்டிவிட்டான்.

"மெர்ல், இதை வெச்சுக்கிட்டு நான் என்ன செய்ய?"

"அடுப்புல போடு, ஆர்லீன். இல்லேன்னா படி. ரெண்டுலயும் கொஞ்சம் சூடு கிடைக்கும்."

அந்தப் பெட்டிகளிலிருந்து உனக்கு இரண்டு வருகின்றன. ஒன்று, வயல்காட்டு வீடுகளுக்கு அரசாங்கம் முதன்முதலில் தபால் கொண்டுவந்த வரலாறு. தபால்காரன் வண்டி வர வேண்டுமென்பதற்காகவே ரோட்டைச் செப்பனிட்டார்களாம். இன்னொன்று, உள்நாட்டுப் போரில் செத்தவர்களின் மனைவிகளுக்கு ஓய்வூதியம் கொடுத்த கதை. இந்த இரண்டாவதை முதலில் படி. அதுதான் நல்லதாம்.

அட்டை வெட்டும்போது கத்தி விரலில் பட்டுவிட்டது. பெரிதாக ஒன்றுமில்லை. பக்கத்தில் கறை இருந்தால் அது என்னுடையதுதான், காவலரிடம் சொல்லிவிடு.

நேரத்துக்குச் சாப்பிடு.

அக்கா,
ஆர்லீன்


மாநிலச் சிறை
14 ஏப்ரல் 1996

அன்புள்ள அக்காவுக்கு,

இருமல் போய்விட்டது. உன் விரல் ஆறிவிட்டதா? கறையைக் காவலர் பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தார். "ஜாம்னு நெனச்சேன்" என்றார்.

ஓய்வூதியப் புத்தகத்தை முதலில் படித்தேன். பணம் வாங்கும் விதவை நிஜமாகவே தனியாக இருக்கிறாளா என்று பார்க்க அரசாங்கம் வீடு வீடாக ஆள் அனுப்பியிருக்கிறது. வாசலில் ஓர் ஆணின் பூட்ஸ் கிடந்ததாகப் பக்கத்து வீட்டுக்காரி சொன்னால் போதும், பணம் நின்றுவிடும். செத்தவன் செத்ததற்கு இவள் ஆயுள் முழுக்கச் சாட்சி காட்டிக்கொண்டே இருக்க வேண்டும்.

ஒரு வீட்டில் யார் இருக்கிறார்கள் என்று பார்க்க ஆள் வருவது அப்போதே இருந்திருக்கிறது, பார். நம் ஆள் போன் செய்தாரா? பெரிய அறையெல்லாம் எனக்கு வேண்டாம். அத்தான் ஹெரால்டு மீன் தூண்டில் வைத்திருந்த பின்கட்டு அறை போதும். நீ சாமான் தூக்க வேண்டியதில்லை, நான் தூக்குவேன். இங்கே சலவைக்கூடத்தில் தூக்கித் தூக்கி முதுகு இரும்பாகிவிட்டது.

முழங்காலுக்குத் தைலம் போடு.

ராய்ஸ்


ஹேடன் க்ரீக்
12 மே 1996

அன்புத் தம்பி ராய்ஸுக்கு,

விரல் ஆறிவிட்டது. தைலம் போட்டேன், கடை முழுக்க அந்த வாசனைதான். வாங்க வந்தவர்கள் மூக்கைப் பொத்திக்கொண்டு பேரம் பேசினார்கள், சீக்கிரம் முடிந்தது. நீ சுகமாக இருக்கிறாயா?

செவ்வாய்க்கிழமை சூறாவளிச் சங்கு ஊதினார்கள். மேற்கே வானம் பச்சையாகிவிட்டது. பாதாள அறையில் ஒரு பெட்டி பழைய புத்தகத்தின் மேல் உட்கார்ந்து இரண்டு பேரும் ஆளுக்கு ஒரு டார்ச் பிடித்துக்கொண்டு காத்திருந்தோம். சூறாவளி நம் பக்கம் வரவில்லை. தெற்கே ஒரு கோழிப் பண்ணையைத் தூக்கிப் போட்டுவிட்டுப் போய்விட்டது. அந்தப் பண்ணைக்காரன் மறுநாளே என்னிடம் வந்து கூண்டு இருக்கிறதா என்று கேட்டான். கூண்டு இருந்தது, கோழிதான் இல்லை.

அணை கட்டுவதற்காக ஒரு ஊரையே தண்ணீருக்குள் விட்டதைப் பற்றி ஒரு புத்தகம் அனுப்புகிறேன். கல்லறைகளைத் தோண்டி மேட்டு நிலத்துக்கு மாற்றினார்களாம். யாருடைய சவத்தை எங்கே வைப்பது என்று குடும்பங்களைக் கேட்டுக் கையெழுத்து வாங்கினார்களாம். ஒரு கிழவி மட்டும் கடைசிவரை போடவில்லை. அந்த அத்தியாயத்தை நிதானமாகப் படி.

மழைக்காலத்தில் அங்கே சுவர் ஓதம் காக்கும் என்று எழுதியிருந்தாய். போர்வையைச் சுவரை ஒட்டிப் போடாதே.

ஆர்லீன்


மாநிலச் சிறை
9 ஜூன் 1996

அன்புள்ள அக்காவுக்கு,

நான் நலம். நீயும் அப்படியே இருப்பாய் என்று நினைக்கிறேன்.

அந்தக் கிழவி அத்தியாயத்தைப் படித்தேன். நன்றாக இருந்தது. ஆனால் அக்கா, நான் கேட்டது அது இல்லை.

அதிகாரி இரண்டு முறை போன் செய்தாராம். எங்கள் ஆலோசகர் சிரித்துக்கொண்டே சொல்கிறார்: "உங்க அக்கா ஜனாதிபதியை விட பிஸி போல. ஒரு தடவை லாரிக்கு டயர் மாத்துறாங்க, இன்னொரு தடவை பியானோவுக்கு அடியில இருக்காங்க." நானும் சிரித்து வைத்தேன்.

இரண்டு பேரும் டார்ச் பிடித்தோம் என்று எழுதியிருக்கிறாய். இன்னொருவர் யார்? மறுபடி கல்யாணம் செய்துகொண்டாயா? செய்திருந்தால் எனக்குச் சந்தோஷம்தான். அவருக்கு என்னைப் போல ஒருவன் வீட்டுக்குள் வருவது பிடிக்கவில்லை என்றால் அதையும் சொல். புரிந்துகொள்வேன். இங்கே எங்களுக்குப் பழக்கமில்லாத ஒன்று, பதில் தெரியாமல் இருப்பதுதான். எழுந்திருப்பது, சாப்பிடுவது, விளக்கு அணைப்பது எல்லாமே தெரியும். இது ஒன்றுதான் தெரியவில்லை.

ஆம் அல்லது இல்லை. ஒரு வரி போதும்.

ராய்ஸ்


மாநிலச் சிறை
28 ஜூலை 1996

அக்காவுக்கு,

உடம்பு சரியில்லையா? ஏழு வாரமாக ஒரு வரி இல்லை. நேற்று ஒரு பார்சல் மட்டும் வந்தது. உள்ளே ஒரு புத்தகம், கடிதம் இல்லை.

கூட்டாகத் திருடப் போன இடத்தில் ஒருவன் கொன்றால், கூடப் போன எல்லோரும் கொன்றவர்களே என்கிற சட்டத்தின் வரலாறு. இங்கிலாந்திலிருந்து கப்பலேறி வந்த சட்டமாம். பிறந்த ஊரிலேயே அதைக் கைவிட்டுவிட்டார்கள், இங்கே இன்னும் உயிரோடு இருக்கிறது. இருபத்திரண்டு வருடமாக அந்தச் சட்டத்துக்குள்தான் படுத்துத் தூங்குகிறேன், அது எங்கிருந்து வந்தது என்று இதுவரை யாரும் எனக்குச் சொன்னதில்லை. கூட வந்த டென்னி மருந்துக் கடைக்குள் போனான். நான் வெளியே காரில், என்ஜினை அணைக்காமல், ரேடியோவில் பேஸ்பால் கேட்டுக்கொண்டிருந்தேன். துப்பாக்கிச் சத்தத்தைக்கூட நான் கேட்கவில்லை. கவுண்டருக்குப் பின்னால் கடைக்காரர் வெஸ் பிட்மன் விழுந்தது எனக்குக் கோர்ட்டில் படம் காட்டித்தான் தெரியும்.

எனக்கு ஆறுதலாக இருக்கட்டும் என்று அனுப்பியதோ என்று முதலில் நினைத்தேன். இல்லை. கடைசி அத்தியாயம் முழுக்க, செத்தவர்களின் வீட்டில் மறுநாள் காலை என்ன நடந்தது என்பதைப் பற்றித்தான். பாதியில் மூடிவிட்டேன்.

இதைத் தேர்ந்தெடுத்தது நீ இல்லை. நீ எந்தப் புத்தகத்தையும் பத்துப் பக்கத்துக்கு மேல் படித்தவள் இல்லை. இத்தனை வருடமாக இதை யோசிக்காமல் இருந்துவிட்டேன்.

யார், அக்கா?

ராய்ஸ்


ஹேடன் க்ரீக்
18 ஆகஸ்ட் 1996

அன்புத் தம்பி ராய்ஸுக்கு,

உடம்புக்கு ஒன்றுமில்லை. நீ எப்படி இருக்கிறாய்? இங்கே வெயில் ரோட்டுத் தாரை உருக்குகிறது.

உடைந்த நாற்காலிக்கு உடைந்த நாற்காலி என்று சீட்டு ஒட்டி விற்கிறவள் நான். ஊரில் எனக்கு அந்தப் பெயர் உண்டு. அதனால் சுற்றி வளைக்காமல் எழுதிவிடுகிறேன். என்னோடு இந்த வீட்டில் இருப்பது ஐலா பிட்மன். வெஸ்ஸின் மனைவி. பத்தொன்பது வருடமாக இருக்கிறாள்.

ஹெரால்டு இறந்த மறு வருடம், வெஸ்ஸின் சட்டைகளையும் கோட்டுகளையும் விற்க என் கடைக்கு வந்தாள். ஊரில் வேறு கடை கிடையாது. நான் யார் என்று அவளுக்குத் தெரியும், அவள் யார் என்று எனக்கும் தெரியும். விலை பேச வாய் வரவில்லை. என் தொழிலில் அது முதல் முறை.

"என்ன பார்க்கிற? காலர் தேயலை" என்றாள்.

"தேயலை" என்றேன்.

மூலையில் நான் குப்பையாகக் குவித்திருந்த புத்தகங்களைப் பார்த்தாள். குனிந்து அடுக்க ஆரம்பித்தாள். சாயங்காலம் வரை அடுக்கினாள். மறுநாளும் வந்தாள். அந்தக் குளிர்காலத்தில் அவள் வீடு வங்கிக்குப் போய்விட்டது. என் மாடியில் ஓர் அறை காலியாக இருந்தது. நான் வா என்று சொல்லவில்லை, அவளும் வரட்டுமா என்று கேட்கவில்லை. பெட்டியைத் தூக்கிக்கொண்டு ஏறினாள்.

ஒருநாள் நான் அட்டை வெட்டிக்கொண்டிருந்ததைப் பார்த்துவிட்டாள்.

"யாருக்கு?"

"தம்பிக்கு."

புத்தகத்தை என் கையிலிருந்து வாங்கிப் பார்த்தாள். "சினிமாக்காரி நாலு கல்யாணம் பண்ணின கதை. இதையா அனுப்புற? நாலு சுவத்துக்குள்ள உட்கார்ந்திருக்கிறவனுக்கு, எந்த மாதிரி நாட்டுல, யாரு போட்ட சுவத்துக்குள்ள உட்கார்ந்திருக்கோம்னாவது தெரிய வேணாமா?" என்று சொல்லி வேறொன்றை எடுத்து என் முன்னால் வைத்தாள். அன்றிலிருந்து உனக்கு வந்த ஒவ்வொன்றும் அவள் படித்து முடித்து, இது போகலாம் என்று வைத்ததுதான். வெட்டுவது மட்டும் நான். ஏன் செய்கிறாய் என்று நான் கேட்டதே இல்லை. கேட்டால் நிறுத்திவிடுவாள் என்று பயம்.

இன்னொன்றையும் எழுதிவிடுகிறேன். குழு கூடும்போதெல்லாம் அவளுக்கும் கடிதம் வரும், வந்து பேசலாம் என்று. முதல் மூன்று முறையும் போய், உன்னை வெளியே விடக்கூடாது என்று பேசினாள். அவளுக்குக் கார் ஓட்டத் தெரியாது. நான்தான் ஓட்டிக்கொண்டு போனேன். அவள் உள்ளே பேசி முடிக்கும்வரை காரில் உட்கார்ந்திருந்தேன். திரும்பும் வழியில் ஒரு ஹோட்டலில் ஆளுக்கொரு துண்டு செர்ரி பை சாப்பிட்டோம். மூன்று முறையும் அதே ஹோட்டல். நாலாவது கடிதத்தை அவள் ரொட்டிப் பெட்டிக்கு அடியில் வைத்தாள். போகவில்லை. அதனால்தானோ என்னவோ உனக்குக் கிடைத்தது.

அதிகாரியிடம் ஒருமுறை பேசினேன். செத்தவரின் குடும்பம் இருக்கிற வீட்டுக்கு உன்னை அனுப்ப மாட்டார்களாம், அவளே சம்மதம் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டால் ஒழிய. நான் அதை அவளிடம் எப்படிக் கேட்பேன்? கேட்டால் அந்தப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு இறங்கிவிடுவாள். இந்த வயதில் எங்கே போவாள்? அவள் போனால் நான் யாரோடு பேசுவேன்? கேட்காவிட்டால் நீ அங்கேயே கிடப்பாய். எந்தப் பக்கம் போனாலும் நஷ்டம் என்கிற ஏலத்தில் நான் கையை உயர்த்துவதில்லை. எழுந்து வந்துவிடுவேன். இதிலிருந்து எழுந்து வரக் கதவே இல்லை.

கோபமிருந்தால் எழுது. சாப்பாட்டை விட்டுவிடாதே.

ஆர்லீன்


மாநிலச் சிறை
1 செப்டம்பர் 1996

அன்புள்ள அக்காவுக்கு,

கோபமில்லை. உடம்பும் நன்றாகத்தான் இருக்கிறது. நீ வெயிலில் லாரியில் ஏறாதே.

அந்த மூன்று முறையும் யாரோ வந்து எதிர்த்துப் பேசினார்கள் என்பது தெரியும். யார் என்று சொல்ல மாட்டார்கள். அவள் பேசியது நியாயம். நீ கூட்டிக்கொண்டு போனதும் நியாயம், அந்த ரோடு குளிர்காலத்தில் வழுக்கும்.

உன் முகவரியை எடுத்துவிடச் சொல்லி எழுதிக் கொடுத்துவிட்டேன். ஆலோசகர் பேனாவை மேஜையில் போட்டுவிட்டார்.

"கிறுக்கா உனக்கு? எத்தனை பேரு இதுக்காகச் சாகுறான்."

"அந்த வீட்டுல எனக்கு முன்னாடியே ஆள் இருக்கு சார்" என்றேன்.

அரசாங்க விடுதி ஒன்று இருக்கிறது. ஆனால் வரிசை நீளம், அக்டோபருக்குள் என் முறை வராது. பரவாயில்லை. சலவைக்கூடத்தில் என் இடத்துக்கு ஆள் பார்த்துவிட்டார்கள். இனி அவனிடம் போய், நான் போகவில்லையப்பா என்று சொல்ல வேண்டும், அதுதான் சங்கடம்.

எங்கள் வியாழக்கிழமைக் கூட்டத்தில் ஒரு வழக்கம் உண்டு. வெளியே போகிறவன், தன்னை மாற்றிய ஒரே ஒரு புத்தகத்தைச் சொல்லி, அதை அடுத்தவனுக்கு விட்டுப் போக வேண்டும். கதைப் புத்தகம் கூடாது, நிஜமாக நடந்ததாக இருக்க வேண்டும். மார்ச்சிலிருந்து எதைச் சொல்வது என்று யோசித்துக்கொண்டிருந்தேன். நீதிமன்றங்கள், தபால், வங்கிகள், அணைகள், பள்ளிக்கூடங்கள், நிலத்தை அளந்த கதை என்று எத்தனை. பள்ளியில் படிக்காத நாடு மொத்தத்தையும் இங்கே உட்கார்ந்து படித்தேன். படிக்க வைத்தது யார் என்று இப்போதுதான் தெரிகிறது. அதற்கு நன்றி சொல்லக்கூட எனக்குத் தகுதி இல்லை, நீயும் சொல்லாதே. இந்தக் கடிதத்தை அவளிடம் காட்டாதே.

இனிப் புத்தகம் வேண்டாம். பிரிக்கக் கை வராது.

ராய்ஸ்


ஹேடன் க்ரீக்
22 செப்டம்பர் 1996

அன்புத் தம்பி ராய்ஸுக்கு,

நலமாயிரு. நான் இருக்கிறேன்.

நீ எழுதிக் கொடுத்த காகிதம் தன் மேஜைக்கு வருவதற்கு முன்னாலேயே அதிகாரி இங்கே வந்து நின்றார். சின்ன வயசு, தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்திருந்தார். நான் பின்னால் ஓர் அலமாரியை நகர்த்திக்கொண்டிருந்தேன். கதவைத் திறந்தது ஐலா. நான் அப்படியே அலமாரியைப் பிடித்துக்கொண்டு நின்றுவிட்டேன்.

"வீட்டுல யார் யாரெல்லாம் இருக்கீங்கம்மா?"

"நானும் அவளும்."

"நீங்க மிஸ்டர் ராய்ஸ் டெக்கருக்கு என்ன உறவு?"

சுவர்க் கடிகாரம் மட்டும் அடித்துக்கொண்டிருந்தது. விற்காத கடிகாரம், எனக்கே எரிச்சலாக இருந்தது.

"அவனுக்குப் புத்தகம் அனுப்புறவ" என்றாள்.

அவர் எழுதிக்கொண்டார். பிறகு பெயரைக் கேட்டார். சொன்னாள். அவர் எழுதுவதை நிறுத்தினார். சம்மதம் எழுதித் தந்தால் ஒழிய முடியாது என்று விதியைச் சொல்லிவிட்டு, "உங்களுக்கு ஆட்சேபணை இருக்கா?" என்று மெதுவாகக் கேட்டார்.

"காபி குடிக்கிறீங்களா?" என்று கேட்டுவிட்டு உள்ளே போனாள். காபி வரவில்லை, அவளும் வரவில்லை. அவர் காத்திருந்தார். பிறகு ஒரு காகிதத்தை மேஜையில் வைத்துவிட்டு என்னிடம் வந்து, "நடுவுல உங்க தம்பியே மனசு மாறி வேண்டாம்னு எழுதினாலும் அக்டோபர் கடைசி வரைக்கும் ஃபைலை மூட மாட்டேன். அவங்களை அவசரப்படுத்தாதீங்க" என்று சொல்லிவிட்டுப் போனார். அவசரமாக வந்தவன் மெதுவாகப் பேசுவதை அன்றைக்குத்தான் பார்த்தேன்.

அவர் போனபின் சமையலறைக்குப் போனேன். தண்ணீர் கொதித்து வற்றிக்கொண்டிருந்தது.

"மார்ச் மாசமே எனக்குத் தெரியும், குழு எனக்கும்தான் எழுதுது" என்றாள். "நீ எப்ப வாயைத் திறப்பேன்னு பார்த்துக்கிட்டே இருந்தேன். ஊருக்கெல்லாம் வெட்டு ஒண்ணு துண்டு ரெண்டுன்னு பேசுவ. எனக்கு மட்டும் பூட்டு."

"நீ போயிடுவேன்னு நெனச்சேன்."

"எங்க போவேன்? சொல்லு, எங்க போவேன்? அதை நெனச்சுத்தான் நானும் பேசலை."

அப்புறம் உன் கடிதம் வந்தது. காட்டாதே என்று எழுதியிருந்தாய். காட்டினேன். நின்றபடியே படித்தாள். மடித்து என்னிடம் கொடுத்துவிட்டு மாடிக்குப் போனாள். வியாழக்கிழமை என்றால் எங்களுக்குச் சில்லிக் குழம்பும் சினமன் ரோல் ரொட்டியும். வழக்கம்போல வைத்தாள், தன் கிண்ணத்தை எடுத்துக்கொண்டு மேலே போய்விட்டாள். எனக்கு மட்டும் ரோல் இரண்டு வைத்திருந்தாள். அதற்கு என்ன அர்த்தம் என்று எனக்குத் தெரியவில்லை. தூசு படிந்த அலமாரியைப் பார்த்தால் அது எந்த மரம், எந்தக் காலம் என்று சொல்லிவிடுவேன். இதைச் சொல்லத் தெரியவில்லை.

அதிகாரியின் காகிதம் ரொட்டிப் பெட்டிக்கு அடியில் இருக்கிறது.

குளிர் தொடங்கிவிடும். காதை மூடிக்கொள்.

ஆர்லீன்


மாநிலச் சிறை
13 அக்டோபர் 1996

அக்காவுக்கு,

உன் கைக்கு என்ன ஆயிற்று? மறைக்காமல் எழுது.

தபால் அறையிலிருந்து ஒரு சீட்டு வந்தது. என் பெயருக்கு ஒரு புத்தகம் வந்ததாம், கெட்டி அட்டையோடு. உள்ளே விட முடியாது, அழிக்கவா, திருப்பி அனுப்பவா என்று கேட்டிருக்கிறார்கள். காவலருக்கே நம்ப முடியவில்லை. "உங்க அக்கா ஒரு தடவைகூடத் தப்பு பண்ணினதில்லையே" என்றார். என்ன புத்தகம் என்று கேட்டேன், அதைச் சொல்ல அவருக்கு அனுமதி இல்லை. தடிமனாக இருக்கிறது, பச்சை அட்டை என்று மட்டும் சொன்னார்.

திருப்பி அனுப்பச் சொல்லிவிட்டேன். வேண்டாம் என்று எழுதியும் ஏன் அனுப்பினாய்? கத்தி பிடிக்க முடியவில்லையா? விழுந்துவிட்டாயா? பூனும் கேட்கிறான். உடனே பதில் எழுது.

ராய்ஸ்


ஹேடன் க்ரீக்
21 அக்டோபர் 1996

ராய்ஸ் டெக்கர்,

உன் அக்காவின் கை நன்றாக இருக்கிறது. அட்டையை வெட்டாமல் அனுப்பியது நான்.

அது நம் மாவட்டத்தின் நூறு வருடக் கதை. பள்ளிக்கூட ஆசிரியைகள் இரண்டு பேர் வீடு வீடாகப் போய்க் கேட்டு எழுதியது. யார் முதலில் கிணறு வெட்டினார்கள், எந்த வருடம் வெட்டுக்கிளி வந்தது, வங்கி எப்போது மூடியது எல்லாம் அதில் இருக்கிறது. நாடு முழுவதைப் பற்றியும் உனக்கு அனுப்பினேன். நீ வளர்ந்த ஊரைப் பற்றியது இது ஒன்றுதான். இதை மட்டும் இத்தனை வருடம் என் அறையிலேயே வைத்திருந்தேன். மருந்துக் கடை என்கிற அத்தியாயத்தில் ஒரு புகைப்படம் இருக்கிறது. கவுண்டருக்குப் பின்னால் வெஸ் நிற்கிறார். சிரிக்கவில்லை. யாராவது சிரிக்கச் சொன்னால் அவருக்குக் கோபம் வரும்.

கத்தி என் பக்கத்திலேயேதான் இருந்தது. வெட்ட முடியவில்லை. அப்படியே கட்டி அனுப்பினேன். அவர்கள் தப்பித் தவறி உள்ளே விட்டுவிட்டால், நீ வெஸ்ஸை அங்கேயே பார், அங்கேயே இரு என்று எனக்குள் சொல்லிக்கொண்டேன். திரும்பி வந்தால் வேறு விதமாக என்று. அவர்கள் தப்பே செய்ய மாட்டார்கள் என்பது எனக்கு நன்றாகத் தெரியும். தெரிந்துதான் அனுப்பினேன் என்பது, பார்சலைத் தபால் நிலையத்தில் கொடுத்துவிட்டுத் திரும்பி நடக்கும்போதுதான் எனக்கே புரிந்தது.

இன்று காலை திரும்பி வந்தது. மாடிப்படிக்குக் கீழே உள்ள தட்டில் வைத்திருக்கிறேன். அந்தப் புத்தகம் அங்கே வர முடியாது. படிக்க வேண்டியவன்தான் இங்கே வர வேண்டும்.

காகிதத்தில் கையெழுத்துப் போட்டு அதிகாரியிடமே கொண்டுபோய்க் கொடுத்துவிட்டேன். ஆர்லீன்தான் காரோட்டினாள். திரும்பும்போது செர்ரி பை சாப்பிடவில்லை, இரண்டு பேருக்கும் பசிக்கவில்லை.

மன்னித்துவிட்டதாக நினைத்துக்கொள்ளாதே. எனக்குப் போக வேறு இடமில்லை, உனக்கும் இல்லை, உன் அக்காவுக்கோ எங்கள் இருவரையும் விட்டால் ஆளில்லை. மூன்று பேரும் ஒரே வீட்டுக்குள் மாட்டிக்கொள்ளப் போகிறோம். காலையில் நான் காபி குடித்து முடிக்கும்வரை என்னிடம் பேசாதே. என் எதிரில் ரேடியோவில் பேஸ்பால் கேட்காதே. மன்னிப்பு என்ற வார்த்தையை எப்போதுமே எடுக்காதே.

வந்ததும் பையைக்கூட இறக்க வேண்டாம். கையைக் கழுவிவிட்டு அந்தப் பச்சைப் புத்தகத்தை எடு. மருந்துக் கடை அத்தியாயத்தை முழுசாகப் படித்து முடிக்கும்வரை சாப்பாட்டு மேஜைக்கு வராதே. அதற்குள் சில்லி ஆறிப்போனால் சூடு செய்து தருகிறேன்.

ஐலா பிட்மன்